குருசோவின் மனந்திரும்புதல்

டேனியல் டீஃபோ 1719ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘ராபின்சன் குருசோ’ ஒரு மனந்திரும்புதலின் கதையுமாகும். தனித்தீவில் காய்ச்சலுற்றவன் புகையிலை தேடிப் பெட்டியைத் திறக்கிறான். கப்பலிலிருந்து மீட்ட திருமறையையும் அதில் காண்கிறான். 50ஆம் சங்கீதம் அவனைத் தொடுகிறது. தீவினின்று விடுதலையிலும் பாவத்தினின்று விடுதலை மேலானது என உணர்கிறான். இப்பகுதியின் ஆழத்தை நாம் மறுப்பதற்கில்லை.

ஆயினும் அவன் அறிக்கையிடும் பாவம் எது? தந்தை சொல் கேளாமையும் தேவனை மறந்த வாழ்வுமே. அவன் கப்பல் உடைந்ததோ, பிரேசிலிலிருந்து கினியாவுக்கு அடிமைகளைக் கொண்டுவரச் சென்ற பயணத்தில். அதைப் பின்னர் நினைக்கையில், பொறுத்திருந்தால் அவர்களை வீட்டு வாசலிலேயே வாங்கியிருக்கலாமே என்றுதான் வருந்துகிறான். சூரி என்னும் சிறுவனை 60 வெள்ளிக் காசுக்கு விற்றதற்கும், தோட்டத்தில் ஆள் தேவைப்பட்டபோதே வருந்தினான். ஃபிரைடேக்கு நற்செய்தி கூறுமுன் தன்னை ‘எஜமான்’ என்றழைக்கக் கற்பிக்கிறான்.

அயலான் இல்லாத தீவில் பாவம் தேவனுக்கும் தனக்கும் இடையிலான காரியமாகச் சுருங்கிவிடுகிறது. அயலான் வந்த பின்பும் அது விரியவில்லை. சகேயுவின் மனந்திரும்புதல் அவன் பணப்பையைத் தொட்டது, குருசோவினது தொடவில்லை. அவனை நற்சான்றாகப் பிரசங்கிக்குமுன், நம் சபைகளில் நாம் கோரும் மனந்திரும்புதல் இவ்விரண்டில் எதுவென்று ஆராய்வோமாக.