கோமாளி மாண்டானா?

நகைச்சுவை நடிகனின் கண்ணீரை யாரும் எளிதில் நம்புவதில்லை. சிரிக்க வைப்பவன் சிரிக்க வைத்துவிட்டுப் போகவேண்டும் என்பதே நமது எதிர்பார்ப்பு. அந்த எதிர்பார்ப்பை மேடையிலேயே மீறிய ஒரு பாடகரைப் பற்றி இங்கே சிந்திக்க விழைகின்றோம். ஏறத்தாழ அரை நூற்றாண்டுக் காலம் ஊர் ஊராகச் சென்று பாடி நடித்த ஆங்கிலேயர் ஹென்றி லிட்டன் அவர்.

அவர் வாழ்ந்த கலையுலகை முதலில் அறிந்துகொள்வது நன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இங்கிலாந்தில் ஒரு நகைச்சுவை இசைநாடக மரபு செழித்தது. பெரும் ஆப்பராக்களின் கனமும் ஆரவாரமும் இதில் இல்லை. பாட்டுக்கு இடையே உரையாடல் வரும்; நீதிபதியும் அமைச்சரும் படைத்தலைவரும் கேலிக்கு உள்ளாவர். டபிள்யூ. எஸ். கில்பர்ட் எழுத, ஆர்தர் சல்லிவன் இசையமைக்க, 1871 முதல் 1896 வரை இவ்வகையில் 14 நாடகங்கள் பிறந்தன. இவற்றுள் பெரும்பாலானவற்றை மேடையேற்றிய ரிச்சர்ட் டாய்லி கார்ட், 1881-இல் இலண்டனில் சவாய் அரங்கைத் திறந்தார். முழுவதும் மின்விளக்கால் ஒளியூட்டப்பெற்ற முதல் அரங்கு அதுவே. ஆயினும் இலண்டனுக்கு வெளியே வாழ்ந்த மக்கள் இந்நாடகங்களைக் கண்டது அவர் அனுப்பிய பயணக் குழுக்களின் வழியாகத்தான். ஒரே காலத்தில் பல குழுக்கள் புறப்பட்டன. சில நாள் ஓர் ஊர். பிறகு மூட்டை முடிச்சுகளோடு இரயிலேறி அடுத்த ஊர்.

லிட்டன் 1865-இல் இலண்டனில் பிறந்தவர். இயற்பெயர் ஹென்றி ஆல்பிரட் ஜோன்ஸ். 1884-இல் லூயி ஹென்ரி என்னும் பாடகியை மணந்தார். அதே ஆண்டில் இருவரும் ‘இளவரசி ஐடா’ நாடகத்தின் பயணக் குழுவில் சேர்ந்தனர். மணமானவர்கள் என்று தெரிந்தால் வேலை கிட்டாது என அஞ்சி, மனைவியின் மேடைப்பெயரையே தம் பெயரோடு சேர்த்துக்கொண்டு, அவருடைய உடன்பிறந்தவர் என்று சொல்லிக்கொண்டார் அந்த இளைஞர். அவர் ஏற்ற முதல் வேடம் மேடைக்குக் கீழேதான் போலும்!

1887-இல் சவாய் அரங்கில் ‘ருட்டிகோர்’ தொடங்கிய சில நாள்களிலேயே, முதன்மை நகைச்சுவை நடிகரான ஜார்ஜ் கிராஸ்மித் நோயுற்றார். அவருக்குப் பதிலாக 22 வயது லிட்டன் மேடையேறினார். ‘லிட்டன்’ என்ற பெயரே அதன்பின் கில்பர்ட் சொல்லி ஏற்றுக்கொண்டதுதான். கிராஸ்மித் நலம் பெற்றுத் திரும்பியதும் இளைஞரின் இலண்டன் புகழ் முடிந்தது. மீண்டும் பயணக் குழு. மீண்டும் இரயில் வண்டி. இந்தத் திரும்பிச் செல்லுதலே அவரைக் கலைஞராக்கியது என்று நாம் கருதுகின்றோம். அதற்குச் சான்று ஒரு பாத்திரம்.

1888 அக்டோபரில் அரங்கேறிய ‘யோமென் ஆஃப் தி கார்ட்’ என்ற நாடகத்தில் ஜாக் பாயிண்ட் என்றொரு கோமாளி வருகின்றான். ஊர் ஊராகத் திரிந்து பாடிப் பிழைப்பவன். தன்னோடு பாடும் எல்சி என்ற பெண்ணை அவன் நேசிக்கின்றான். மரண தண்டனை பெற்ற ஒருவன் ஒரு மணி நேரத்தில் இறந்துவிடுவான், அவனை மணந்தால் பணம் கிடைக்கும் என்று கேட்டு, அந்தப் போலித் திருமணத்துக்கு இவனே இசைகின்றான். தண்டனை பெற்றவனோ தப்பிவிடுகின்றான். மாறுவேடத்தில் வந்து எல்சியின் உள்ளத்தையும் கவர்ந்துகொள்கின்றான். இறுதிக் காட்சியில் அவர்கள் தழுவி நிற்க, கோமாளி அவர்கள் காலடியில் உணர்விழந்து வீழ்கின்றான். நூலாசிரியர் குறிப்பு அவ்வளவே. மாண்டானா, மயங்கினானா? கில்பர்ட் அதைச் சொல்லவில்லை.

இலண்டனில் இப்பாத்திரத்தை முதலில் ஏற்ற கிராஸ்மித், மக்கள் சிரிக்க விரும்பிய நடிகர். அவர் அந்த வீழ்ச்சியைச் சோகமாக்கவில்லை. கோமாளி உண்மையாகவே மனமுடைந்து மாள்வதாக நடிக்கும் வழக்கம் பயணக் குழுக்களில்தான் தோன்றியது. அதைத் தொடங்கியவர் லிட்டனா, மற்றொரு குழுவில் அதே வேடம் தாங்கிய ஜார்ஜ் தார்னா என்பதில் வழக்கு உண்டு. லிட்டன் 1922-இல் வெளியிட்ட தம் நினைவு நூலில் அப்பெருமையைத் தமதாக்கிக்கொள்கின்றார். யார் முதல்வர் என்ற வழக்கைவிட, இருவரும் பயணக் குழுவினர் என்பதே நமக்குப் பெரிதாகத் தோன்றுகின்றது. நாடோடிப் பாடகனின் துயரத்தை நாடோடிப் பாடகர்கள் கண்டுகொண்டார்கள். கூலிக்காக அன்பை மறைத்து நிற்கும் காட்சியை, வேலைக்காக மனைவியை உடன்பிறந்தாள் என்று சொன்ன ஒருவருக்கு யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருந்திராது.

ஆசிரியர் எழுதாததை நடிகர் சேர்க்கலாமா என்று சிலர் வினவலாம். நியாயமான வினாவே. அதிலும் கில்பர்ட், சிறு மரக்கட்டைகளைக் கொண்டு மாதிரி மேடையில் ஒவ்வோர் அசைவையும் முன்கூட்டியே வகுத்தவர். மனம்போன போக்கில் நடிப்பதைப் பொறாதவர். ஆனால் அவரே 1897-இல் நாடகம் மீண்டும் மேடையேறியபோது எல்சியின் இறுதி வரியைத் திருத்தினார். முதலில் கோமாளியின் புலம்பலைக் கேட்டு அவள் நகைப்பதாக இருந்தது. திருத்தத்தில் அவள் ஒரு துளிக் கண்ணீர் சிந்துகின்றாள். பனுவலில் உறங்கிக் கிடந்த பொருளையே நடிகர்கள் எழுப்பினார்கள் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

லிட்டனிடம் குறையே இல்லை என்று நாம் சொல்லவில்லை. கைதட்டல் எழுந்தால் ஒரே பாடலைப் பலமுறை பாடுவதும், ஒவ்வொரு முறையும் புதுச்சேட்டை ஒன்றைச் சேர்ப்பதும் அக்குழுவின் வழக்கம். அதில் அவரும் மகிழ்ந்து திளைத்தவர்தான். குரலும் பெருங்குரல் அன்று. வேகமாகப் பொரிந்து தள்ளும் பாடலிலும் ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் கேட்கச் செய்வதே அவருடைய வலிமை. 1906 முதல் 1909 வரை சவாயில் கில்பர்ட் மீண்டும் நடத்திய பருவங்களில், ஜாக் பாயிண்ட் உள்ளிட்ட கிராஸ்மித்தின் வேடங்கள் சி. எச். வொர்க்மன் என்பவருக்கே சென்றன. லிட்டன் கிடைத்த பிற வேடங்களை ஏற்று நடித்தார். 1909-இல்தான் முதன்மை நகைச்சுவை நடிகரின் இடம் அவருக்கு நிலைத்தது. பிறகு 25 ஆண்டுகள் அவ்வேடங்களையே திரும்பத் திரும்ப நடித்தார். இது கலையா, வெறும் பழக்கமா? நேற்று அழுத இடத்தில் இன்றும் உண்மையாக அழ முடியுமானால் அது கலையே என்பது நமது துணிபு.

அந்தக் கலையை இசைத்தட்டு முழுமையாகப் பிடிக்கவில்லை. 1926-இன் ‘மிக்காடோ’விலும் 1927-இன் ‘கொண்டோலியர்ஸ்’ பதிவிலும் அவர் குரல் உண்டு. ஆனால் 1928-இல் ‘யோமென்’ பதிவானபோது ஜாக் பாயிண்டாகப் பாடியவர், அக்குழுவின் மேடையில் ஒருநாளும் நடித்திராத ஜார்ஜ் பேக்கர். நல்ல குரல்தான். எனினும் ஊர் ஊராக மக்கள் லிட்டனிடம் கண்டு கலங்கிய அந்தக் கோமாளி, அவர் குரலில் அத்தட்டில் இல்லை.

1930-இல் அவருக்கு ‘சர்’ பட்டம் கிடைத்தது. இந்நாடகங்களில் நடித்தமைக்காக அப்பட்டம் பெற்றவர் அவர் ஒருவரே. அடுத்த ஆண்டே பேரிடி விழுந்தது. 1931 மே மாதம், ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குப் போகும் வழியில், அவர் ஓட்டிச் சென்ற கார் விபத்துக்குள்ளானது. அவரோடு பல்லாண்டு நடித்த பெர்த்தா லூயிஸ் காயமுற்றுச் சில நாள்களில் உயிர் நீத்தார். ‘மிக்காடோ’வில் லிட்டன் கோகோவாகவும் அவர் கட்டிஷாவாகவும் நடிப்பர். தன் உயிர் பிழைக்க வேண்டி, அன்பு கிட்டாமல் மாண்ட ஒரு சிறு பறவையின் கதையைப் பாடி அவள் மனத்தை இளக்குவான் கோகோ. அரங்கம் சிரிக்கும் காட்சி அது.

உடல் தேறிய லிட்டன் மேடைக்குத் திரும்பினார். பறவையின் பாட்டை வேறொரு நடிகையின் முன்னே பாடினார். 1934-இல் ஓய்வு பெற்று, 1936-இல் மறைந்தார். அந்த மூன்று ஆண்டுகளில் அப்பாட்டைப் பாடும்போது அவர் உள்ளம் எங்கே இருந்தது என்று நாம் அறியோம். அறிய முயல்வதும் முறையன்று. ஆனால் கோமாளி வீழும்போது அவன் மெய்யாகவே மாண்டான் என்று இளமையிலேயே நம்பி நடித்த ஒருவரை, முதுமையில் வெறும் சிரிப்புக்காரர் என்று ஒதுக்கிவிட நமக்கு மனம் வரவில்லை. இனி மேடையில் ஒரு கோமாளி விழுந்தால், சிரிப்பதற்கு முன் ஒரு கணம் அவன் முகத்தைப் பார்ப்போம்.