ஸ்திரீபார்ட்டின் குரல்

வில்லியனூர், பாகூர் கொம்யூன் கிராமங்களில் திரௌபதி அம்மன் திருவிழா என்றால் பாரதக் கூத்தும் சேர்ந்ததுதான். துகில் உரியும் கட்டத்தில் பாஞ்சாலி கண்ணனைக் கூவி மேல் ஸ்தாயியில் நீட்டுவாள். பின்பாட்டுக்காரர் அதை வாங்கிக்கொள்வார், முகவீணை தொடரும். முன்னால் உட்கார்ந்திருக்கும் பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைப்பார்கள். பாஞ்சாலி வேடம் கட்டியவரோ ஆண். பெண்ணின் துயரத்தை ஆண் தொண்டையில் கேட்டுப் பழகிய மண் இது.

பெண்கள் தம் குரலிலேயே பாடி வென்ற இன்னொரு மரபுக்கும் புதுச்சேரியில் ஒரு வேர் உண்டு. ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’ நாடகங்களைத் தந்த சங்கரதாஸ் சுவாமிகள் 1922-இல் இங்கேதான் காலமானார். அவருடைய சமாதி கருவடிக்குப்பத்தில் இருக்கிறது. 1918-இல் மதுரையில் அவர் தொடங்கிய பால சபையில் பெண் வேடத்தையும் சிறுவர்களே போட்டார்கள். ஆனால் அவருடைய பாட்டுகளை ஊர் ஊராகக் கொண்டுபோனதில் ஸ்பெஷல் நாடகத்தில் நாயகி வேடம் கட்டும் ஸ்திரீபார்ட் நடிகைகளுக்குப் பெரும் பங்குண்டு.

அந்தத் தொழிலின் கடினம் வெளியில் தெரியாது. நாயக வேடம் கட்டும் ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் வேறோர் ஊரிலிருந்து வருவார். ஒத்திகை கிடையாது. வள்ளிக்கும் நாரதருக்கும் தர்க்கம் மூண்டால் எதிராளி எடுக்கும் பாட்டுக்கு அந்த நொடியிலேயே பதில் பாட்டு வரவேண்டும். லண்டனில் 1978-இல் ‘எவிடா’ இசைநாடகத்தில் பாடிப் புகழ்பெற்ற எலைன் பேஜுக்கு எழுதி முடித்த இசையும் ஒத்திகையும் துணை நின்றன. நம் வள்ளிக்கு மனப்பாடமும் ஹார்மோனியச் சுருதியும்தான் துணை.

கொடுமுடியில் 1908-இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாள் இந்த மேடையில் உருவானவர். ஒலிபெருக்கி பரவாத காலத்தில் கடைசி வரிசைக்கும் எட்டிய குரல் அது. எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் ஜோடியாகப் பாடினார், அவரையே மணந்தார். 1933-இல் கிட்டப்பா 27 வயதில் மறைந்தபின் வெள்ளைப் புடவை உடுத்தினார். 1935-இல் ‘பக்த நந்தனார்’ படத்துக்கு ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெற்று, நந்தனாராக ஆண் வேடத்தில் பாடி நடித்தார். பெண்ணுக்காக ஆண் பாடும் கூத்துக்கு நேர் மறுபக்கம் இது. பிறகு 1953-இல் ‘ஔவையார்’, 1964-இல் ‘பூம்புகார்’, 1965-இல் ‘திருவிளையாடல்’. காதல் நாயகியாகாமலே, முதுமையின் குரலால் திரையை ஆண்டார்.

அவருக்கு முன்பே கும்பகோணம் பாலாமணி அம்மாள் பெண்களைச் சேர்த்துக் கம்பெனி நடத்தியிருந்தார். மேடையிலிருந்து வந்த டி.பி. ராஜலட்சுமி 1931-இல் ‘காளிதாஸ்’ நாயகி, 1936-இல் ‘மிஸ் கமலா’வின் இயக்குநர்.

இவர்களைப் பற்றிய ஆய்வுகளுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். நாடகக்காரர்கள் தேசிய இயக்கத்துக்கு ஆற்றிய பணியை தியடோர் பாஸ்கரன் 1981-இல் வெளிவந்த நூலில் நிலைநாட்டினார். நடிகைகள் சுமக்கும் அவப்பெயரை, மதுரை வட்டாரத்தில் தங்கி ஆராய்ந்த சூசன் சீசர் 2005-இல் நூலாக்கினார். கூத்துக்கு ஹன்னா டி ப்ரூயின் எழுத்துகள் உள்ளன. காஞ்சிபுரம் அருகே அவரும் பி. ராஜகோபாலும் நடத்திய குருகுலத்தில் பெண்பிள்ளைகளும் கட்டைக்கூத்து பயின்றார்கள்.

அரசியலும் அவப்பெயரும் எழுதப்பட்ட அளவுக்குப் பாட்டு எழுதப்படவில்லை என்பதே என் ஆதங்கம். ஒரு நடிகை எந்தச் சுருதியில் எடுத்தார், மூச்சை எங்கே வாங்கினார், தர்க்கத்தில் ராகத்தை எப்படித் திருப்பினார் என்பவைதான் அவருடைய தொழில். நடிகையின் கண்ணீர்க் கதையைச் சொல்லிவிட்டுத் தொழிலை விட்டுவிட்டால் பாதி மரியாதைதான் செய்தவர்களாவோம். சுவாமிகள் பெயரிலேயே நிகழ்கலைப் பள்ளி தொடங்கிய புதுவைப் பல்கலைக்கழகம் இந்த வேலைக்குப் பொருத்தமான இடம். அங்கிருந்து வில்லியனூரும் பாகூரும் தூரமில்லை. பாஞ்சாலி கட்டுகிறவரின் பாட்டையும் ஸ்திரீபார்ட் நடிகையின் பாட்டையும் பக்கத்தில் வைத்துக் கேட்கவேண்டும். கூத்து வாத்தியார் சொல்லும் பாடத்தை, முன்வரிசையில் கண்ணைத் துடைக்கும் அந்தப் பெண்களின் மகள்களும் கற்கவேண்டும்.