நீலம் இல்லாத நீலவெளிச்சம்

கேரளத்தின் கழக்கூட்டத்தில் கின்ஃப்ரா திரைப்படப் பூங்கா இருக்கிறது. எடுத்து முடித்த காட்சியின் நிறத்தைக் கணினி முன் உட்கார்ந்து மாற்றிக்கொள்ளும் காலம் இது. அந்த வழியாகப் போகும்போதெல்லாம் எனக்கு ஏ. வின்சென்ட் நினைவு வரும். நீல வெளிச்சத்தைப் பற்றிய ஒரு கதையைக் கறுப்பு வெள்ளையில் எடுக்கத் துணிந்தவர் அவர்.

வைக்கம் முகம்மது பஷீரின் ‘நீலவெளிச்சம்’ சிறுகதையில், பேய் வீட்டில் தனியாகக் குடியிருக்கும் எழுத்தாளனின் விளக்கு மண்ணெண்ணெய் தீர்ந்து மங்குகிறது. எண்ணெய் தேடி வெளியே போய்த் திரும்பி வந்து கதவைத் திறந்தால் அறை முழுக்க நீலம். கதையின் உயிரே அந்த நிறத்தில்தான். பஷீரே திரைக்கதை எழுத, 1964இல் அது ‘பார்கவி நிலையம்’ ஆனது. வின்சென்ட் இயக்கிய முதல் படம். நீலத்துக்கு வழியில்லாத இடத்தில் அவர் வெள்ளைப் புடவையை இருட்டின் மேல் வைத்தார். பார்கவியாக வரும் விஜயநிர்மலாவின் முகத்தைவிட அந்தப் புடவையும் ஊஞ்சலும் பாழுங்கிணறும்தான் நம்மைப் பயமுறுத்துகின்றன. பயம் கிளம்பிய கையோடு இரக்கமும் கிளம்புகிறது. கொலையுண்ட ஒரு பெண்ணின் துயரம் என்று புரிந்த பிறகு அந்த வீட்டைவிட்டு ஓடத் தோன்றவில்லை. பேர்பெற்ற ஒளிப்பதிவாளரான வின்சென்ட், இந்தப் படத்தின் கேமராவை பி. பாஸ்கர் ராவிடம் ஒப்படைத்தார் என்பதையும் சொல்ல வேண்டும்.

அதே 1964இல் இத்தாலிய இயக்குநர் மாரியோ பாவா, ஓர் ஆடை அலங்கார நிறுவனத்தில் நடக்கும் தொடர் கொலைகளைச் சிவப்பிலும் பச்சையிலும் குளிப்பாட்டி எடுத்துக்கொண்டிருந்தார். அவரும் கேமராவிலிருந்து இயக்கத்துக்கு வந்தவர். சூனியக்காரி, வைக்கிங் வீரன், விண்வெளிக் கப்பல், கௌபாய் என்று எதையும் விட்டுவைக்கவில்லை. மகன் லம்பெர்டோவும் இயக்குநரானார். வின்சென்டின் மகன்கள் ஜெயனனும் அஜயனும் ஒளிப்பதிவாளர்கள். பாவாவுக்கு இன்று உலகெங்கும் ரசிகர்கள் உண்டு, நூல்கள் உண்டு. வின்சென்டைப் பற்றித் தமிழில் நாம் இன்னும் சரியாகப் பேசத் தொடங்கவே இல்லை என்பது எனக்கு வருத்தம்தான்.

இத்தனைக்கும் அவர் நம்மவர். 1928இல் கோழிக்கோட்டில் பிறந்து, ஜெமினி ஸ்டுடியோவில் தொழில் கற்றார். ‘நீலக்குயில்’ (1954) மலையாளத்தில் பெயர் வாங்கித் தந்தது; தமிழில் ‘உத்தம புத்திரன்’, ‘கல்யாணப் பரிசு’ என்று தொடர்ந்தார். ‘நெஞ்சில் ஓர் ஆலயம்’ (1962) படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஆஸ்பத்திரி அறை, ஒரு கட்டில், நோயாளி முத்துராமன், பாடும் தேவிகா. கேமரா கட்டிலுக்கு அடியிலும் புகுந்து வருகிறது. அந்தச் சின்ன அறைக்குள் ஒரு முழு மணவாழ்க்கையின் தவிப்பும் அடங்கிவிடுகிறது. பேய் வீடு வந்த அதே 1964இல்தான், மெரினாவின் வெயிலும் காரும் கும்மாளமுமாக ‘காதலிக்க நேரமில்லை’யும் அவர் ஒளிப்பதிவில் வண்ணத்தில் வந்தது. ஒரே ஆண்டில் ஒரே மனிதர்!

இயக்குநராக அவர் ஒரே வகைப் படத்தில் குடியேறிவிடவில்லை. எம்.டி. வாசுதேவன் நாயரின் முதல் திரைக்கதையான ‘முறப்பெண்’ (1965), கேமராவை ஸ்டுடியோவிலிருந்து பாரதப்புழைக் கரைக்குக் கொண்டுபோனது. தோப்பில் பாசியின் நாடகத்திலிருந்து வந்த ‘துலாபாரம்’ (1968), சாரதாவுக்கு தேசிய விருது பெற்றுத் தந்தது. மறு ஆண்டு அதைத் தமிழிலும் அவரே இயக்கினார். பிறகு கந்தர்வன், மந்திரவாதம் என்று படங்கள் எடுத்தார். கமல்ஹாசன் நடித்த ‘வயநாடன் தம்பான்’ (1978), இளமை குன்றாதிருக்கக் கன்னிப்பெண்களைப் பலி கொடுப்பவனின் கதை. ‘பார்கவி நிலைய’த்தின் நிதானம் இதில் இல்லை என்பது என் எண்ணம். மோகன்லாலின் ‘ஸ்ரீகிருஷ்ணப் பருந்து’ (1984) அதைவிட மேல்.

இயக்குநரான பிறகும் அவர் கேமராவைக் கைவிடவில்லை. ‘வசந்த மாளிகை’யின் ஒளி அவருடையது. 1997இல் கே. ராகவேந்திர ராவ் தெலுங்கில் ‘அன்னமய்யா’ எடுத்தபோது வின்சென்ட் எழுபதை நெருங்கிக்கொண்டிருந்தார். முப்பதாண்டுகளுக்கு முன்பே இயக்குநரானவர், இன்னொருவர் படத்தில் விளக்குகளை எங்கே வைப்பது என்று பார்த்துக்கொண்டு நின்றார்.