மௌனப்படத்தின் குரல்: திருச்சிராப்பள்ளிக் கூடாரமும் சாமுராய்த் திரையும்

தமிழ் மௌனப்பட வரலாறு பெரும்பாலும் இழப்பைப் பேசியே தொடங்குகிறது. ஆர். நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ இன்று காணக் கிடைக்கவில்லை. இது பேரிழப்பே. எனினும் படச்சுருளை மட்டும் தேடும் ஆய்வு, படத்தின் ஒரு பாதியையே தேடுகிறது. மறுபாதி, திரையருகே நின்று கதை சொன்னவரின் குரல்.

ஜப்பானியச் சாமுராய்ப் படங்கள் இதனைத் தெளிவாக்குகின்றன. அங்கு ‘பென்ஷி’ எனப்பட்டவர் கதையை விளக்கியதோடு பாத்திரங்கள் அனைவருக்கும் குரல் கொடுத்தார். புதாகவா புந்தாரோ இயக்கிய ‘ஒரோச்சி’ (1925) படத்தில் பாண்டோ த்சுமாசபுரோ ஏற்ற வீரனின் நல்லெண்ணம் ஒவ்வொரு முறையும் குற்றமாகவே கொள்ளப்படுகிறது. இறுதி வாட்போரின் வேகத்தைக் கண் காண்கிறது. அவ்வாளின் பின்னுள்ள ஆற்றாமையைச் செவியே முழுமையாக உணர்கிறது. இப்படத்தைப் பேணிக் காத்தவர்களுள் முதன்மையானவர் மத்சுதா சுன்சூய் என்னும் பென்ஷி என்பது தற்செயலன்று. புகழ்பெற்ற பென்ஷிகளின் குரல் இசைத்தட்டுகளிலும் பதிவாகியுள்ளது.

திருச்சிராப்பள்ளியில் நிலைமை வேறு. தென்னிந்திய இரயில்வேயில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் தூப்பாந்த் என்னும் பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியையும் இயேசுவின் வாழ்க்கைப் படத்தையும் வாங்கி இங்குத் தம் காட்சிகளைத் தொடங்கினார். பின்னர்க் கூடாரத்துடன் ஊர் ஊராகச் சென்றார். இவரைப் போற்றும் வரலாறுகள் கருவியின் வருகையை விரித்துரைக்கின்றன. ஆனால், பிற்காலத் தமிழ் மௌனப்பட அரங்குகளில் எழுத்தட்டைகளை உரக்கப் படித்து, கதையை விளக்கிய கதைசொல்லிகளுக்கு ஓரிரு தொடர்களே கிட்டுகின்றன. எழுத்தறியாதோர் மிகுந்திருந்த அவையில் அவரின்றிப் படம் எவ்வாறு பொருள்பட்டிருக்கும்?

காவிரிக்கு அக்கரையில் திருவரங்கத்து அரையர் சேவை பாசுரத்தை இசைத்து, அபிநயித்து, வியாக்கியானமும் சொல்கிறது. அதிலிருந்தே திரைக் கதைசொல்லி பிறந்தார் என்று கூறச் சான்றில்லை. அத்தகைய வம்சாவளிகளை எளிதில் வரைந்துவிடும் பழக்கம் நம் ஆய்வுலகில் உண்டு. நான் சொல்வது அதனினும் சிறியது. அறிந்த கதையையே ஒருவர் விளக்கக் கேட்டுச் சுவைக்கும் அவை இவ்வூருக்குப் புதிதன்று. கீசகன் கதையைக் காண வந்தோரும் முடிவை அறிந்தே வந்தனர்.

ஆகவே, படக்காட்சித் துண்டறிக்கைகள், நாடகக் குழுக்களின் கணக்கேடுகள், அக்கால நாளிதழ் விளம்பரங்கள் ஆகியவற்றில் கதைசொல்லிகளின் பெயரையும் ஊதியத்தையும் தேடுவதே அடுத்த பணி.