வேதியியற் கலைச்சொல்லும் பாரதியார் நெறியும்

கடையத்தில் 1918 முதல் 1920 வரை வாழ்ந்த பாரதியாரைக் கவிஞராகப் போற்றுவார் பலர். கலைச்சொல் நெறி வகுத்தவராக ஆராய்வார் சிலரே. பொருட்பெயரைத் தமிழிலும், அஃதின்றேல் வடமொழியிலும், அதுவும் இன்றேல் ஆங்கிலத்திலும் கொள்ளலாம் என்றார் அவர்; பண்பு, செயல், நிலைமை ஆகியவற்றிற்கு ஆங்கிலச் சொல் ஆகாது என வரையறுத்தார்.

இவ்வரையறையை வேதியியல் வரலாறு ஏற்கின்றதா? யாழ்ப்பாணத்து மருத்துவர் கிறீன் முயற்சியால் 1875-இல் வெளிவந்த நூல் 'கெமிஸ்தம்' எனத் துறைப்பெயரையே கடனாகப் பெற்றது, அப்பெயர் நிலைக்கவில்லை. 'ஆக்சிஜனேற்றம்' என்னும் இன்றைய சொல்லிலோ பொருட்பெயர் கடன், செயற்பெயர் தமிழ். 'பிராணவாயு' இருக்கவும் 'ஆக்சிஜன்' வழங்குதல் நெறியின் முற்பகுதி தளர்ந்தமையைக் காட்டும், பிற்பகுதி தளரவில்லை. பெயர் கடனாயினும் வினை தமிழாயின் சிந்தனையும் தமிழில் நிகழும். இதுவே அந்நெறியின் உயிர்நிலை எனக் கொள்கின்றோம்.