பத்துத் திங்கட் கணக்கு

1. தோற்றுவாய்

தாய் தன் மகவைப் பத்துத் திங்கள் சுமந்து பெற்றாள் என்பது தமிழ்மக்கள் நாவில் நெடுங்காலமாக வழங்கிவரும் தொடர். தாலாட்டிலும் ஒப்பாரியிலும் அது பயில்கின்றது. பட்டினத்தார் தம் அன்னைக்கு ஈமக்கடன் ஆற்றியபோது பாடியனவாக வழங்கும் பாடல்களிலும் ஐந்தை இரட்டித்த எண்ணாக அது நிற்கின்றது. மருத்துவ நூலார் கூறும் அளவோ ஒன்பது திங்களும் சில நாளுமாம். இவ்விரண்டனுள் எது மெய் என்னும் வினா எழுமிடத்து, பாட்டில் வருவது உயர்வுநவிற்சி என்று கூறி அமைவாரே பலர். அவ்வாறு அமைதல் பொருந்துமா என்பதே ஈண்டு ஆராயப்படுவது.

இவ்வாராய்ச்சிக்கு எம்மைத் தூண்டியது முதுகலை வகுப்பில் நிகழ்ந்த ஓர் உரையாடல். ஏற்காட்டைச் சார்ந்த மலையூர் ஒன்றிலிருந்து வந்து பயிலும் மாணவி ஒருவர், தம் தமக்கையார் சூலுற்றிருந்த காலத்தில் வீட்டில் எழுந்த வழக்கொன்றை எடுத்துரைத்தார். நாட்காட்டியைக் கையில் வைத்துக்கொண்டு எண்ணிய இளையவர் ஒருவர், பத்து மாதம் நிரம்ப இன்னும் மூன்று கிழமைக்கு மேல் உள்ளது என்றாராம். பாட்டியாரோ, 'பத்து பிறந்து ஏழெட்டு நாளாயிற்று. இனி இவளை மலையில் வைத்திருத்தல் ஆகாது' என்றாராம். நாட்காட்டியே வென்றது. இரண்டு நாளில் நள்ளிரவில் நோவு கண்டது. சேலத்திற்கு இறங்கும் வழியில் வண்டியிலேயே குழந்தை பிறந்தது. தாயும் சேயும் நலமுற்றனர் எனினும், அவ்விரவை அக்குடும்பத்தார் மறந்திலர். 'பாட்டியின் கணக்கு எந்த நூலில் உள்ளது?' என்பது அம்மாணவியின் வினா. அன்று எம்மிடம் விடையில்லை. இக்கட்டுரை அவ்விடையைத் தேடிய முயற்சியாகும்.

2. எண்ணத் தொடங்கும் நாள்

ஒரு காலத்தை அளக்கப் புகுவார்க்கு முதற்கண் வேண்டுவது தொடக்கநாள். கரு அமைந்த நாளை ஒருவரும் கண்டறியார். ஆதலின் கண்ணாற் கண்ட வேறொரு நாளைத் தொடக்கமாகக் கொள்ளுதல் இன்றியமையாததாயிற்று. தமிழர் அதற்குக் கொண்டது பூப்பு. தொல்காப்பியக் கற்பியல், பரத்தையிற் பிரிந்த தலைவனும் தலைவியின் பூப்பினையொட்டிய பன்னிரண்டு நாளும் அவளை நீங்கி உறைதல் கூடாது என விதிக்கின்றது. அக்காலம் கருத்தோன்றுதற்கு உரியது என்பது உரையாளர் கருத்து. பன்னிரண்டு என்று எல்லை வகுத்தமையால், அவ்வெல்லை தொடங்கும் இடமும் பெறப்படுகின்றது. அகத்திணை ஒழுக்கம் கூறவந்த இந்நூற்பாவினுள், பூப்பினை முதலாக வைத்து நாள் எண்ணும் முறை அடங்கிக் கிடத்தல் காண்க.

பேச்சுவழக்கும் இதற்குச் சான்று பகரும். சூலுற்றாளை 'முழுகாமல் இருக்கிறாள்' என்பர். திங்கள்தோறும் பூப்பு நீங்கித் தலைமுழுகும் நீராட்டு இம்முறை நிகழவில்லை என்பது அதன் பொருள். 'நாள் தள்ளிப் போயிற்று' என்பதும் அது. கரு உண்மையை உடன்பாட்டாற் கூறாது எதிர்மறையாற் கூறும் இவ்வழக்கு, கணக்கின் முதல் எது என்பதையும் உடன் உணர்த்துகின்றது.

மேனாட்டு மருத்துவரும் இவ்விடத்தையே தொடக்கமாகக் கொண்டனர். செருமனி நாட்டு ஐடல்பர்க்கில் மகப்பேற்று மருத்துவராக விளங்கிய பிரான்சு நேகலே (1778-1851) என்பார் பெயரால் வழங்கும் விதி, கடைசிப் பூப்பின் முதல் நாளோடு 7 நாள் கூட்டி, 3 திங்கள் பின்னோக்கி எண்ணி, அடுத்து வரும் அந்நாளைப் பேற்றுநாளாகக் கொள்க என்பது. இதன்படி மொத்தக் காலம் 280 நாள், அஃதாவது 40 கிழமை. இவற்றுள் முதல் இரண்டு கிழமையளவும் கருவே இல்லை. இல்லாத கருவுக்கும் நாள் எண்ணப்படுகின்றது. நம் வழக்கிற்கும் அவ்விதிக்கும் உள்ள இவ்வொற்றுமை ஒன்றினின்று ஒன்று பெற்றதன்று. காணக்கூடிய அடையாளம் அஃதொன்றே ஆதலின், எண்ணப் புகுந்தார் யாவரும் அதனையே பற்றினர் என்க.

3. திங்கள் என்னும் அளவு

இனி 280 நாள் எத்தனை திங்கள் என்பதை நோக்குவாம். ஞாயிற்றின் வழிப்பட்ட மாதம் ஏறத்தாழ 30½ நாள். அவ்வகையில் 280 நாள் என்பது 9 மாதமும் ஏறத்தாழ 6 நாளும் ஆம். அமாவாசை முதல் அமாவாசை வரையுள்ள மதியின் திங்கள் ஏறத்தாழ 29½ நாள். அவ்வகையிற் பத்து நிரம்ப 295 நாள் வேண்டும். மதி ஒரு நாண்மீனை விட்டு மீண்டும் அதனையே அடையும் காலம் 27 நாளும் சில நாழிகையும். அவ்வகையிற் பத்துச் சுற்றுக்கு 273 நாளே ஆகும். 28 நாளை ஒரு திங்களாகக் கொள்ளின் பத்துத் திங்கள் சரியாக 280 நாள் ஆதல் உண்மையே. ஆயின் 28 நாள் கொண்ட திங்களைத் தமிழர் ஆண்டனர் என்பதற்குச் சான்று காட்டாதவரை, அவ்விடை கணக்கிற்கு இனிதாயினும் ஆராய்ச்சிக்கு இசையாது.

எனவே நிரம்பிய மாதங்களாக எண்ணினால் விடை கிட்டவில்லை. நடக்கும் மாதத்தையும் சேர்த்து எண்ணின் கிட்டுகின்றது. தை முதல் நாளிற் (சனவரி 15) பூப்பு நிகழ்ந்ததாகக் கொள்வாம். 7 நாள் கூட்டி 3 மாதம் பின்சென்றால் அக்டோபர் 22 வருகின்றது. அது ஐப்பசியின் முதற்கிழமை. தை, மாசி, பங்குனி, சித்திரை, வைகாசி, ஆனி, ஆடி, ஆவணி, புரட்டாசி, ஐப்பசி என எண்ணுக. ஐப்பசி பத்தாவது.

பூப்பு மாதக் கடைசியில் நிகழின் இவ்வாறு வாராதே எனின், கூறுதும். தை 28-இல் நிகழின் பேற்றுநாள் கார்த்திகைத் தொடக்கத்தில் விழும். மாதப் பெயரால் எண்ணுவார்க்கு அது பதினொன்று. ஆயின் அவளுக்குரிய மாதம் தை 28-இல் தொடங்கி மாசி 27-இல் முடிவது. அம்முறையில் அதுவும் பத்தாம் மாதத்தின் முதற்கிழமையே. 'பத்து பிறந்தது' எனப் பாட்டியார் கூறிய தொடரின் நுட்பம் இங்கே விளங்கும். பிறந்த மாதம் நிரம்பிய மாதம் அன்று. ஒன்பது நிரம்பியவுடன் பத்து பிறக்கின்றது. பத்து பிறந்த முதற்கிழமையிலேயே பேற்றுநாள் அமைகின்றது. பத்து நிரம்பட்டும் எனக் காத்திருப்பார், பேற்றுநாளுக்கு அப்பாலும் 24 நாள் காத்திருப்பார் ஆவர். மேற்கூறிய வீட்டில் நிகழ்ந்தது இப்பிழையே.

'நிறைமாதம்' என்னும் வழக்கு இம்முடிபிற்கு மாறாகாதோ எனின், ஆகாது. 'நிறைசூல்' என்னும் வழக்கோடு வைத்து நோக்கின், நிறைவு சூலின்மேல் நின்ற சொல்லேயன்றி நாளின்மேல் நின்றதன்று என்பது எம் கருத்து.

4. இரண்டு செய்யுட்கள்

சூலின் வளர்ச்சியைத் திங்கள் திங்களாக நிரல்படக் கூறும் இலக்கியப் பகுதிகளுள் தலைசிறந்தது திருவாசகத்துப் போற்றித் திருவகவலில் உள்ளது. பிறவிதோறும் உயிர் படும் இடர்களைக் கூறிவரும் மணிவாசகர், கருவினுள் முதல் திங்கள் தொடங்கிப் பத்துத் திங்கள்வரை ஒவ்வொன்றற்கும் ஓர் இடர் வகுத்து, ஒவ்வொன்றினின்றும் உயிர் தப்பியதாக அடுக்கிச் செல்கின்றார். இப்பகுதியை அக்கால மருத்துவ அறிவின் பதிவாகக் காண்பதோடு நின்றுவிடின், அதன் கவிதையை இழந்தவராவோம். ஒன்பது திங்கள்வரை அங்குப் பேசப்படுவது சேய் ஒன்றே. தாய் என்னும் சொல் பத்தாந் திங்களிலேதான் தோன்றுகின்றது. ஆண்டுத் துன்பம் சேயும் தாயும் ஒருங்கு படுவதாகின்றது. கருவினுள் தனித்திருந்த உயிர், தன் துன்பம் தன்னதேயன்று என்று அறியும் இடம் அது. எண் ஏறும்தோறும் தனிமை கூடிவந்து, பத்து என்ற அளவில் அத்தனிமை உடைகின்றது. இவ்வமைப்பிற்குப் பத்து என்னும் எண் அணியன்று; உறுப்பாகும்.

அப்பகுதியில் எட்டாந் திங்களுக்கு வருத்தம் என்னும் பொருளே ஓதப்பட்டுள்ளது. ஏழிற் பிறந்தது பிழைக்கும், எட்டிற் பிறந்தது பிழையாது என்னும் நாட்டுநம்பிக்கையை இதனோடு இயைப்பார்க்கு ஒன்று கூறுதும். அந்நம்பிக்கை நமக்கே உரியதன்று. கிரேக்க மருத்துவராகிய இப்போகிரேட்டசு பெயரால் வழங்கும் தொகுதியில் எட்டு மாதக் குழந்தை பற்றியே தனி நூல் ஒன்றுண்டு. இக்காலக் குழந்தை மருத்துவம் அதனை ஏற்பதில்லை. கருவறையில் தங்கும் நாள் 40 கிழமையை நோக்கி வளருந்தோறும் பிழைக்கும் வாய்ப்பும் மிகும் என்பதே உண்மை. மணிவாசகர் எட்டிற்கு மட்டும் இடர் கூறினாரல்லர், பத்துக்கும் கூறினார். ஆதலின் அவர் வாக்கை அந்நம்பிக்கைக்குச் சான்றாக்குதல் பொருந்தாது.

எம் முடிபிற்குப் பெருந்தடையாக நிற்பது குறுந்தொகை 287-ஆம் செய்யுள். கச்சிப்பேட்டு நன்னாகையார் பாடிய அது, நீர் கொண்டு மலைநோக்கி எழும் கார்மேகத்திற்கு, நடக்கலாற்றாது தளர்ந்த, புளிச்சுவையை விரும்பும் முதிர்சூல் மகளிரை உவமை கூறுகின்றது. அவர் சுமந்த காலமாக ஆண்டுச் சுட்டப்படுவது மூன்றையும் நான்கையும் உறழ்ந்த எண். இதனை ஏழு எனக் கூட்டிப் பொருள்கொண்டு தடையை விலக்கலாம் என ஒருகால் கருதினோம். ஆயின் இத்தகைய எண்ணடுக்குகளைப் பெருக்கிக் கொள்வதே தமிழ்மரபு. பட்டினத்தார் பாடலைப் பெருக்கிவிட்டு இதனை மட்டும் கூட்டுதல் முறையன்று. ஆகவே பன்னிரண்டு என்றே கொள்வாம். சொற்கிடக்கையும் அவ்வெண்ணை மகளிரோடே இயைக்கின்றது.

பன்னிரண்டு திங்கட் சூல் உலகியலில் இல்லை. அவ்வாறாயின் புலவர் எதனை அளந்தார்? செய்யுளினுள்ளேயே விடை உண்டு. புளிவேட்கை சூலின் முற்பகுதிக்கே சிறப்பாக உரியது. நடை தளர்தல் இறுதிப் பகுதிக்கு உரியது. இரண்டையும் ஒருத்தியின்மேல் ஒருங்கு வைத்த புலவர், சூலின் காலம் முழுவதையும் ஒரு காட்சியாகச் சுருக்கினார். பன்னிரு திங்கள் சுமப்பது ஆண்டுக்கொருமுறை பொழியும் கார்மேகம். பொருளுக்கு உரிய அளவு உவமைக்கு ஏறிற்று. அங்கு எண் மேகத்தின் அளவாம். திருவாசகத்திலும் மக்கள் வழக்கிலும் அது மகளிரின் அளவாம். இவ்வேறுபாடு உணராதார் ஒன்றைக் கொண்டு மற்றொன்றை அழிப்பர்.

5. மலையும் கணக்கும்

சேர்வராயன் மலையில் வாழும் மலையாளி மக்கள், பெயரொப்புமையால் மலையாள நாட்டினர் என மயங்கற்பாலரல்லர். மலையை ஆள்வோர் என்னும் பொருட்டே அப்பெயர். அவர் பேச்சு தமிழ். காஞ்சிபுரத்தினின்று வந்த உடன்பிறந்தார் மூவர் வழியினர் தாம் என்னும் அவர்தம் மரபுரையை எட்கர் தர்ஸ்டன் 1909-இல் வெளியிட்ட தொகுதிகளிற் காணலாம். 19-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் சேலம் கலெக்டர் காக்பர்ன் முயற்சியால் அம்மலையில் காப்பிப் பயிர் புகுந்தது. கோடைமழை பெய்து காப்பி பூத்த நாளை அறிந்தவர், எட்டு ஒன்பது திங்கள் எண்ணிப் பழம் கொய்யும் காலத்தை அறிவர். பூவினின்று எண்ணுதல் அம்மலையார்க்கு நாள்தோறும் கண்முன் நிற்கும் கணக்கு.

ஏற்காட்டினின்று சேலம் இறங்கும் பாதையில் கொண்டையூசி வளைவுகள் 20. நோவு கண்டபின் அவ்வழியே இறங்குதல் இடர் மிக்கது. தமிழ்நாட்டு மலைப்பகுதி ஆரம்ப சுகாதார நிலையங்கள் சிலவற்றில், பேற்றுநாளுக்கு முன்னரே வந்து தங்குதற்குக் காத்திருப்பு அறைகள் அமைந்திருத்தல் இதுபற்றியே. எந்நாள் வந்து தங்குவது என்பது கணக்கைப் பொறுத்தது. பேற்றுநாளிலேயே பிறக்கும் குழந்தைகள் நூற்றுக்கு நாலைந்தே; எனினும் அந்நாள் தெரிந்தாலன்றி அதற்கு முன்னும் பின்னும் உள்ள இரு கிழமைகள் தெரியா.

இங்கே சொல்லாராய்ச்சிக்கும் ஒரு கடமை உண்டு. செவிலியர் வேண்டுவது பூப்புத் தொடங்கிய நாள். 'கடைசியாக எப்போது தலைக்குக் குளித்தாய்?' என வினவின், பெறப்படுவது பூப்பு நீங்கிய நாள். மூன்று முதல் ஐந்து நாள்வரை கணக்குப் பிழைக்கும். 'முழுகாமை' என்னும் வழக்கு சூலுண்மையை அறிதற்கு உதவுமேயன்றி நாளை அறிதற்கு உதவாது.

நாள் மறந்தார்க்கு வேறு அளவைகளும் உள. முதல் மூன்று திங்களுக்குள் ஒலியலைக் கருவியாற் கருவின் நீளத்தை அளப்பின், ஒரு கிழமைக்குள் அடங்கும் பிழையோடு நாள் கிட்டும். கிளாஸ்கோவில் இயான் டொனால்டு என்பார் 1958-இல் வெளியிட்ட ஆய்வினின்று இம்முறை வளர்ந்தது. கையால் அளப்பின், கருப்பையின் மேல்விளிம்பு 20 கிழமையளவில் கொப்பூழை எட்டும். 36-இல் மார்பெலும்பின் கீழ்முனையை அணுகும். முதற்சூலாள் சேயின் அசைவை உணர்வது பெரும்பாலும் 18 முதல் 20 கிழமைக்குள். இவையனைத்தும் பூப்புநாட் கணக்கைச் சரிபார்ப்பன.

6. முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால், தமிழர் சூல்நாளைப் பூப்பினின்று எண்ணினர் என்பதும், பத்துத் திங்கள் என்பது நடப்புத் திங்களையும் உளப்படுத்திய எண்ணே என்பதும், அவ்வாறு கொள்ளின் அது மருத்துவர் கூறும் 280 நாளோடு மாறுபடாது என்பதும், குறுந்தொகையின் பன்னிரண்டு மேகத்திற்குரிய அளவு என்பதும் பெறப்பட்டன.

உயர்வுநவிற்சி என்று கூறி ஓர் எண்ணைத் தள்ளுதல் எளிது. அவ்வெண் எதனை அளக்கின்றது என்று கேட்டபின்னரே தள்ளுதல் முறை. மலையூர்ப் பாட்டியாரின் கணக்கு ஏட்டில் எழுதப்படவில்லை. 'பத்து பிறந்தது' என்னும் இரு சொல்லில் அது காக்கப்பட்டிருந்தது. அச்சொற்களின் பொருளை அன்று அவ்வீட்டார் உணர்ந்திருப்பின், அப்பெண் பகற்பொழுதிலேயே மலையிறங்கியிருப்பார். அம்மாணவியின் வினாவிற்கு யாம் இன்று கூறத்தக்க விடை இதுவே.