மின்மினிக் கணவாயும் ஜப்பானியச் சட்டமும்

ஒளிரும் கடலுயிர்களைக் காக்கும் சட்டம் ஒன்றைக் கற்பனை நாட்டிற்கு வகுக்கும் கதாசிரியருக்கு வேலை எளிது. ஒளிரும் மீனைத் தீண்டுவோன் தண்டனைக்கு உரியவன் என்று அரசன் ஆணையிட்டுவிட்டால் போதும். மீனவன் மறுநாள் எதை விற்று அரிசி வாங்குவான் என்னும் கேள்வி கதைக்குள் எழுவதில்லை. உண்மை நாடொன்றில் இத்தகைய சட்டம் எவ்வடிவம் கொள்ளும் என்று அறிய விரும்புவோர் ஜப்பானின் டொயாமா விரிகுடாவை நோக்குதல் தகும். அங்கே, இருளில் ஒளிவிடும் ஒரு சிறு கணவாயின் பொருட்டு, 1922ஆம் ஆண்டிலேயே அரசு கடலின் ஒரு பகுதியை இயற்கை நினைவுச் சின்னமாக அறிவித்தது. 1952இல் அது சிறப்பு இயற்கை நினைவுச் சின்னம் என்னும் தகுதிக்கு உயர்த்தப்பட்டது.

இந்நாட்டுச் சந்தைகளில் சோத்தோங் என்று விலைபேசப்படும் கணவாயின் இனத்தைச் சேர்ந்ததே இவ்வுயிரும். ஆயின் உருவில் விரல் நீளந்தான் இருக்கும். ஜப்பானியர் இதனை ஹொத்தாரு இக்கா என்பர். மின்மினிக் கணவாய் என்பது பொருள். 1905இல் இப்பெயரைச் சூட்டியவர் ஷோசாபுரோ வாத்தாசே என்னும் விலங்கியல் அறிஞர். அதற்கு முன் அக்கரையோர மக்கள் இதனைப் பைன் மரக் கணவாய் என்று அழைத்து வந்தனர். பைன் மரங்களுக்கு உரமாக இட்டமையால் அப்பெயர் வந்தது என்று கூறுவாருமுளர். பெயர் மாறிப் பதினேழே ஆண்டுகளில் அது நாட்டின் செல்வங்களுள் ஒன்றாக எண்ணப்பட்டது. ஒரு நல்ல பெயர் செய்யும் வேலையைச் சட்டமும் செய்வதில்லை போலும்!

அதன் அடிப்புறம் எங்கும் நுண்ணிய ஒளியுறுப்புகள் பரவியுள்ளன. ஓரிணைக் கைகளின் நுனியில் மும்மூன்று பெரிய ஒளியுறுப்புகள் உள்ளன. கடலின் மேலிருந்து இறங்கும் மங்கிய ஒளியோடு அடிப்புற ஒளி இயைந்துவிடுவதால், கீழிருந்து நோக்கும் பகைமீனுக்கு இதன் நிழல் புலப்படுவதில்லை. பிறர் கண்ணில் படாதிருக்க உதவும் ஒளியே பிறர் காண விரும்பும் காட்சியாயிற்று.

இனிச் சட்டத்திற்கு வருவோம். நினைவுச் சின்னமாகக் குறிக்கப்பட்டது கணவாய் அன்று. ஹொத்தாரு இக்கா கூட்டமாகத் திரியும் கடற்பரப்பு என்பதே அதிலுள்ள சொல். ஜோகன்ஜி ஆற்றின் முகத்துவாரம் தொடங்கி உவோசு துறைமுகம் வரை, ஏறத்தாழ 15 கிலோமீட்டர் நீளமும் கரையிலிருந்து 1,260 மீட்டர் அகலமும் கொண்ட நீர்ப்பகுதி அது. அதற்குள் மார்ச்சு முதல் ஜூன் வரை மீனவர் நிலைவலை விரித்துக் கணவாயைப் பிடிக்கின்றனர். அவித்து, புளிப்புச் சேர்த்த மிசோவுடன் மக்கள் உண்கின்றனர். கடலுக்குக் காவல், கடலில் வாழும் உயிருக்குக் கறிச்சட்டி! முதற் பார்வையில் இது ஏமாற்று வித்தையாகவே தோன்றும்.

எனினும் அவ்வாறு தீர்ப்புரைப்பது அவசரம். பகலில் 200 முதல் 600 மீட்டர் ஆழத்தில் தங்கும் இக்கணவாய், இளவேனில் இரவுகளில் முட்டையிடக் கரையை நெருங்கி மேலெழுகின்றது. டொயாமாவில் கடலடித் தரை கரைக்கு அருகிலேயே செங்குத்தாகச் சரிந்து, விரிகுடாவின் ஆழம் 1,000 மீட்டரையும் கடந்து செல்கின்றது. ஆழ்கடல் உயிரைக் கரைவாயிலுக்கே கொணர்வது இந்நில அமைப்பேயாகும். நினைவுச் சின்னத்தின் இயல்பை மாற்றும் எச்செயலுக்கும் அரசின் அனுமதி வேண்டும் என்கிறது பண்பாட்டுச் செல்வக் காப்புச் சட்டம். கரையைத் தூர்த்துவிட்டு மீனவனை மட்டும் தடுத்தால் கணவாய்க்கு என்ன பயன்? மேலும், நிலைவலை ஓரிடத்தில் நின்று வருவதை ஏற்கும் வலை, துரத்திச் செல்வதன்று. அதில் அகப்படுவன பெரும்பாலும் பெண் கணவாய்களே. ஓராண்டே வாழும் இவ்வுயிர் முட்டையிட்டபின் மாண்டுவிடும். ஆதலின் இடத்தைக் காத்து மீனவனைப் பகைக்காது விட்ட 1922ஆம் ஆண்டு அதிகாரிகள், கதையில் வரும் அரசனினும் அறிவுடையோர் எனலாம்.

குறை வேறிடத்தில் உள்ளது. கடற்பரப்பு என்ற சொல்லே காட்சியை முதன்மைப்படுத்துகின்றது. நாமெரிகாவா நகரிலிருந்து விடியுமுன் படகேறிச் செல்லும் பயணிகள் காண்பது எதனை? வலை இழுக்கப்படும்போது நெருக்குண்ட கணவாய்கள் ஒருசேரச் சிந்தும் நீல ஒளியை. ஓடுவதற்கு இடமின்றிக் கலங்கிய உயிரின் ஒளி அது. நிலவில்லா இரவுகளில் அவை கரையில் ஒதுங்குவதும் உண்டு. அவ்வூரார் அதனை மினாகெ என்பர். நீரில் குதித்து உயிர்விடுதலைக் குறிக்கும் சொல் அது. அன்றிரவு கைவலையும் விளக்குமாகக் கூட்டம் கடற்கரையில் திரளும். சின்னம் என்னும் சொல்லுக்கு ஏற்ப, பார்ப்பவனுக்கே முதலிடம் என்றாகிவிட்டது.

எல்லையும் சிந்திக்கத்தக்கது. கணவாய் அந்த 15 கிலோமீட்டருக்குள் இருப்பது அதன் வாழ்நாளில் மிகச் சில இரவுகளே. எஞ்சிய காலமெல்லாம் ஜப்பான் கடலின் ஆழத்தில் அலைகின்றது. அதே கடலின் மேற்குப் பகுதியில், ஹியோகோ மாநிலத்துக் கரைக்கு அப்பால், இழுவைவலைப் படகுகள் இவ்வினத்தைக் கடலடியிலேயே வாரிக்கொள்கின்றன. பல ஆண்டுகளில் டொயாமாவினும் அங்கே பிடிபடுவதே மிகுதி. வருவதை ஏற்கும் வலைக்கும் தேடிச்சென்று வாரும் வலைக்கும் உள்ள வேறுபாட்டை டொயாமா மீனவர் அறிவர். நினைவுச் சின்னத்தின் எல்லைக்கோடு அறியாது. கடல் முழுவதிலும் இவ்வினம் எவ்வளவு உண்டு, எவ்வளவு எடுக்கலாம் என்னும் கணக்கோடு இக்காவல் இணைக்கப்பட வேண்டும். அதுவரை, டொயாமாவில் அரசு வணங்கும் கணவாய் ஹியோகோத் துறைமுகத்தில் இறக்கப்படும் பெட்டிகளுக்குள் எடைபோட்டு ஏலம் விடும் சரக்கு மட்டுமே.